பந்துக்கு எழும்பிய கடைசித் தடவை

பிள்ளைகளே, அவுஸ்திரேலிய உதைபந்தாட்டத்தை அப்பா நான் ஏன் விட்டேன் என்று கேட்டீர்கள். கனடாவில், மொன்றியல் நகரில் அந்த விளையாட்டுத் தொடங்கிய புதிதில் ஆடியவர்களில் நானும் ஒருவன். நீள்வட்டப் பந்தை எதிராளிகளின் தலைக்கு மேலே எழும்பிப் பிடிப்பதுதான் என் கெட்டித்தனம். இரண்டாவது கோடையில் அப்படி எழும்பி விழுந்தேன். வலது தோள்மூட்டு விலகிவிட்டது.

அப்போது டோர்வல் விமான நிலையத்தில் பயணிகளின் பெட்டிகளை ஏற்றும் வேலை எனக்கு. அந்த வேலையைக் காட்டித்தான் யாழ்ப்பாணத்திலிருந்து உங்களைக் கூப்பிட விண்ணப்பித்திருந்தேன். வேலை போனால் நீங்கள் வரவே முடியாது என்று நம்பினேன்.

மருத்துவமனையில் தோளைப் பொருத்திவிட்டு, ஆறு கிழமைக்குப் பாரம் தூக்கக்கூடாது என்றார்கள். கூட வந்தவர் என்னோடு வேலைசெய்த மன்னார் அண்ணை ஒருவர்.

“நாளைக்கு வேலைக்கு வாறன் அண்ணை.”

“உனக்கென்ன விசரே? பெட்டியைப் பல்லால கடிச்சே தூக்கப்போறாய்?”

“ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதேங்கோ. பிள்ளையள் வரவேணும்.”

மறுநாள் மூன்றாவது பெட்டியிலேயே எனக்குக் கண் இருண்டது. அண்ணை பாரமான பெட்டிகளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். விளையாட்டில் இன்னொரு தடவை விழுந்தால் அவராலும் என்னைக் காப்பாற்ற முடியாது என்று விளங்கியது.

வேலை முடிந்து வில்லரே பகுதியில் நான் இருந்த வீட்டுக்கு வந்ததும், விளையாட்டுச் சப்பாத்தில் ஒட்டியிருந்த மண்ணை இடக்கையால் துடைத்து, யாராவது எடுக்கட்டும் என்று நடைபாதை ஓரத்தில் வைத்தேன்.