தம்பிக்குக் கிடைக்காத ஜாமீன்

கிரிவலப் பாதையில் எங்களுக்குப் பூஜைச் சாமான் கடை இருந்தது. பௌர்ணமிக்கு வருகிறவர்கள் கற்பூரம் வாங்கிவிட்டுச் செருப்பையும் பையையும் எங்களிடமே விட்டுப் போவார்கள். அட்டையில் நம்பர் எழுதிப் பையில் கட்டுவோம். நானோ தம்பியோ, வாங்கி வைத்தவன்தான் எழுதுவான். சாமி பார்க்க வந்தவர் பையைத் திறப்பது பாவம் என்று எங்களுக்கு ஒரு கொள்கை வேறு.

இரண்டாயிரத்துக்குப் பிறகு ஒரு பௌர்ணமி. பிற்பகலில் இரண்டு பேர் ஒரே பெரிய பையைத் தூக்கமாட்டாமல் தூக்கி வந்தார்கள். வாங்கி வைத்தவன் நான். கனம் ஜாஸ்தி, பச்சை வாடை ஒன்றும் அடித்தது. நமக்கென்ன என்று இருபத்தேழு என எழுதிக் கட்டினேன். பிறகு தம்பியை உட்கார வைத்துவிட்டு, வழக்கம்போல மலை சுற்றக் கிளம்பினேன்.

விளக்கு வைக்கிற நேரத்தில் போலீஸ் வந்திருக்கிறது. பையில் கஞ்சா. பையை வாங்கினது தான்தான் என்று தம்பி சொல்லிவிட்டான். பக்கத்துக் கடைக்காரர் என்னைக் கூப்பிட ஆள் அனுப்பப் பார்த்ததையும் தடுத்திருக்கிறான். தொடங்கிய சுற்றைப் பாதியில் விட்டால் குடும்பத்துக்கு ஆகாது என்று எங்கள் வீட்டில் ஒரு பயம் உண்டு. ஸ்டேஷனில் எழுதி வாங்கிக்கொண்டு அனுப்பிவிடுவார்கள் என்று நினைத்தான், முட்டாள்.

வேங்கிக்காலில் வக்கீலைப் பார்த்தேன். சரக்கு இருபது கிலோவைத் தாண்டிவிட்டது, அதற்கு மேல் போனால் ஜாமீனுக்குச் சட்டமே வேறு என்றார். அரசு வக்கீல் எதிர்த்தால், இவன் குற்றம் செய்யவில்லை என்று நம்பக் காரணம் இருப்பதாகவும், வெளியே வந்தாலும் செய்யமாட்டான் என்றும் நீதிபதிக்கே திருப்தி வரவேண்டுமாம். விசாரணையே தொடங்காத வழக்கில் அதை எப்படி நம்புவார், கொலைக் கேசுக்குக்கூட ஜாமீன் கிடைக்கிறதே என்று கத்தினேன்.

அவர் கேஸ் கட்டைப் புரட்டியபடி கேட்டார். "அந்தப் பையை உங்க தம்பி வாங்கலன்னு காட்ட ஏதாச்சும் இருக்குதாங்க? இருந்தா கேட்டுப் பாக்கலாம்."

இருந்தது. பையோடு போலீஸிடம் போன அந்த அட்டை. தம்பி ஏழு எழுதினால் நடுவில் ஒரு கோடு போடுவான். எனக்கு அந்தப் பழக்கம் இல்லை. சொன்னால் அவன் இடத்துக்கு நான் போவேன்.

"ஒண்ணும் இல்லீங்க," என்றேன்.

நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். தம்பி வாயைத் திறந்து கெட்டான், நான் மூடிக் கெட்டேன். மனு இரண்டு முறை தள்ளுபடியானது. ஒவ்வொரு தடவையும் அழுதேன். அழும்போதே உள்ளுக்குள் நிம்மதியாகவும் இருந்தது. கதவை யார் தட்டினாலும் அந்த அட்டையைத்தான் நினைத்தேன். வேலூர் ஜெயிலில் கம்பிவலைக்கு அந்தப் பக்கம் நின்று அவன் என்னிடம் கேட்டது ஒன்றுதான், அன்றைக்குச் சுற்றி முடித்தாயா என்று.

மூன்று வருடம் கழித்து, வழக்கு நிரூபணமாகவில்லை என்று விடுதலை செய்தார்கள். அடுத்த பௌர்ணமிக்கு அவனே அட்டை எழுத உட்கார்ந்தான். ஏழாம் நம்பர் அட்டையை நீட்டினான். நடுவில் கோடு இல்லை.

நான் அதையே பார்ப்பதைக் கவனித்துவிட்டான்.

"உள்ள போன நாள்லேர்ந்து இப்படித்தாண்ணா எழுதிப் பழகினேன்," என்றான். "கோர்ட்ல எழுதிக் காட்டச் சொல்லிட்டாங்கன்னா?"