மகள் சங்கிலியில் வாங்கிய மோதிரம்

அன்பான இறைமக்களே, என் அவமானத்தைச் சொல்லித்தான் ஆண்டவருக்கு நான் நன்றி சொல்ல வேண்டியிருக்கிறது.

கோட்டையூரில் தையல் வேலை செய்கிறேன். கணவர் காலமாகிவிட்டார். ஒரே மகள் ரெஜினாவைத் தேவகோட்டையில் கட்டிக்கொடுத்தேன். போன வருட டிசம்பரில் அவளுக்குத் தலைக் கிறிஸ்துமஸ். மாப்பிள்ளைக்கு மோதிரம், கோட் சூட், அவர்கள் தெருவுக்கே பலகாரம், எல்லாம் எவர்சில்வர் தூக்குகளில் வேனில் போய் இறங்க வேண்டும் என்று ஆசைப்பட்டேன். அவர்கள் எதுவும் கேட்கவில்லை. பக்கத்து வீட்டுக்காரி தன் மகளுக்குச் செய்ததைப் பார்த்துவிட்டேன், அவ்வளவுதான். விரலுக்குத் தகுந்த வீக்கம் என்பது மறந்துபோயிற்று.

கையில் பணம் கிடையாது. ரெஜினா பத்திரமாக வைக்கச் சொல்லிக் கொடுத்திருந்த நான்கு பவுன் சங்கிலியை அவளுக்குத் தெரியாமல் அடகு வைத்தேன். தையல் கூலியில் மீட்டுவிடலாம் என்று நினைத்தேன். பண்டிகைக்குக் கையிலிருந்ததைச் சுரண்டிச் செலவழித்த சனம் தை மாதம் எங்கே தைக்க வரும்?

ஜூனில் ஏல நோட்டீஸ் வந்தது. அதே வாரம் ரெஜினா போன் செய்தாள். "அம்மா, நாத்தனாருக்கு நிச்சயம். ஞாயித்துக்கெழம வந்து சங்கிலிய எடுத்துக்கிறேன்."

கிணற்றடிக்குப் போகவே பயந்தேன். என்மேல் எனக்கு நம்பிக்கை இல்லை.

மூன்று நாள் ஜெபமாலையும் கையுமாகக் கிடந்தேன். முதல் இரண்டு நாள் பணம்தான் கேட்டேன், அதுவும் யாருக்கும் தெரியாமல் வர வேண்டுமாம். ஒன்றும் வரவில்லை. மூன்றாம் நாள், "மாதாவே, பொய் சொல்லாமல் நிற்கத் தெம்பு கொடு" என்று அழுதேன்.

ஞாயிறன்று மகளும் மாப்பிள்ளையும் வந்தார்கள். வாசலிலேயே சொல்லிவிட்டேன். அந்த வார்த்தை என் வாயிலிருந்து வந்ததே அற்புதம்தான்.

"என் நகைய வச்சு எனக்கே சீரா? ஊரு மெச்சணும்னு இப்படிப் பண்ணிட்டீகளேம்மா!" ரெஜினா கத்தினாள்.

மாப்பிள்ளை உள்ளே போய் விரலில் சோப்புப் போட்டு மோதிரத்தைக் கழற்றிவந்தார். "அத்தை, இத வித்து அதத் திருப்புங்க. கொறையிறத நான் போடுறேன். இதெல்லாம் எதுக்குச் செஞ்சீக?"

சங்கிலி ஏலத்துக்குப் போகவில்லை. அவர் போட்ட பணத்தை மாதாமாதம் அடைக்கிறேன். ஆனால் ரெஜினா பல மாதம் என்னோடு பேசவில்லை. ஆண்டவர் சங்கிலியை உடனே தந்தார், மகளைத் தர நாளெடுத்தார்.

இந்தக் கிறிஸ்துமஸுக்கு நானே சுட்ட அச்சுமுறுக்கோடு பஸ்ஸில் போனேன். சங்கிலி போட்ட கழுத்தோடு வாசலுக்கு வந்து, "வாங்கம்மா" என்று பையை வாங்கினாள். அங்கேயே உட்கார்ந்து அழுதுவிட்டேன்.

சகோதர சகோதரிகளே, பண்டிகைக்குக் கடைவீதிக்குப் போகுமுன் ஒரு நிமிடம் முழங்கால் போடுங்கள். இல்லாததை இல்லை என்று சொல்லத் தெம்பு கேளுங்கள். நிச்சயம் தருவார். நான் ஆறு மாதம் பிந்திக் கேட்டேன்.