பெட்டிக்கு ஒரு பங்கு

வசந்தாவுக்கு நாற்பத்தாறு வயது. இருபது வருஷமாகப் பழவேற்காட்டுக் கரையில் இறால் வாங்கி, பொன்னேரிச் சந்தையில் உட்கார்ந்து விற்கிறவள். கூடையைக் கையில் தூக்கிப் பார்த்தே எடை சொல்லிவிடுவாள். தராசு அவளுக்கு அடுத்தவர் நம்புவதற்காகத்தான். எதற்கும் உட்கார்ந்து அழுகிற வழக்கம் அவளிடம் இல்லை. அழுகிற நேரத்தில் இரண்டு கூடை இறாலைத் தரம் பிரித்துவிடலாம் என்பாள்.

அவள் புருஷன் பூபதி ஏரியில் வலை கட்டுகிறவன். தை மாதம் ஒரு காலையில் வலையை உதறிக்கொண்டிருக்கும்போதே ஒரு பக்கமாகச் சாய்ந்தான். பக்கவாதம். பத்து நாள் ஆஸ்பத்திரியில் வைத்திருந்து அனுப்பினார்கள். ஒன்றரை மாதத்தில் கால் ஓரளவு திரும்பியது, கம்பு ஊன்றி நடந்தான். பேச்சும் வந்தது, முன்பைவிடக் கொஞ்சம் அதிகமாகவே வந்தது. வலது கைதான் வரவில்லை. யாரோ வைத்துவிட்டு மறந்துபோன சாமான் மாதிரி அது மடியில் கிடந்தது.

பிசியோதெரபி பார்க்கும் நந்தினி சின்னப் பெண்தான், ஆனால் சுற்றி வளைத்துப் பேசமாட்டாள்.

"அக்கா, மொத ஆறு மாசம்தான் கை வேகமா திரும்பற காலம். அதுக்கப்புறம் வந்தாலும் மெதுவாத்தான் வரும். கட்டைவெரலும் மத்த வெரலும் ஒரு நாளைக்கு நூத்துக்கணக்குல அசையணும். நீங்க புடிச்சி அசைச்சிவுட்டா பத்தாது. அவரே அசைக்கணும்."

வசந்தா விரல் விட்டு எண்ணினாள். ஆடியில் ஆறு மாதம் முடிகிறது. கை வந்தால் அவன் தன் காரியத்தைத் தானே பார்த்துக்கொள்வான், அவள் விடிகாலையில் கரைக்குப் போகலாம். வராவிட்டால் அவனுக்குப் பக்கத்தில் ஒரு ஆள் எப்போதும் வேண்டும், அந்த ஆள் அவள்தான். வேறு யாருமில்லை.

நந்தினி ஒரு ஸ்பாஞ்சுப் பந்து கொடுத்திருந்தாள். பூபதி அதைப் பத்து தடவை அழுத்துவான். பதினோராவது தடவைக்குள் முகம் சுருங்கிவிடும்.

"இன்னாமே இது, கொயந்தைக்குக் குடுக்கறா மாதிரி பந்து குடுத்துக் குந்த வச்சிட்ட?"

"கொயந்தைன்னா சொன்ன பேச்ச கேக்கும்," என்பாள் வசந்தா.

பங்குனிக் கடைசியில் அவள் தம்பி விக்கி வந்தான். முப்பத்தைந்து வயது, காட்டுப்பள்ளித் துறைமுகத்தில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவன். அவன் பள்ளிக்கூடம் போன காலத்தில் வீடியோ கேம் கடையில் இருந்த பெட்டியைப் போலவே, உள்ளங்கை அகலத்துக்குச் சின்னதாகச் செய்து இப்போது விற்கிறார்களாம். ஆசைப்பட்டு வாங்கியிருந்தான். டி.வி.யில் சொருகினால் போதும். உள்ளே இருபத்தோரு ஆட்டம், வெளியே இரண்டு ஜாய்ஸ்டிக்.

"எனக்கு போரடிச்சிடுச்சு மாமா. நீ ஆடு. கட்டைவெரலுக்கு நல்லது."

ஜாய்ஸ்டிக்கின் இடது பக்கம் திசைக்கு, வலது பக்கம் இரண்டு பட்டன். பூபதி முதல் நாளே ஒரு மணி நேரம் ஆடினான். பந்தைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. வசந்தாவுக்குத் திருப்தியாகத்தான் இருந்தது. ஒரு வாரம் இருந்தது.

பிறகு ஆட்கள் வந்தார்கள். அதுவரை வராதவர்கள். படுத்துக் கிடப்பவனிடம் என்ன பேசுவது என்று ஆம்பளைகளுக்குத் தெரிவதில்லை, அதனால் தெருவிலேயே கைகாட்டிவிட்டுப் போய்விடுவார்கள். இப்போது பேசத் தேவையில்லை, டி.வி.யைப் பார்த்தால் போதும். பூபதியோடு வலை கட்டும் பெரியவர் தேசப்பன், அவர் பங்காளி பச்சைமுத்து, ஐஸ் கம்பெனியில் வேலை செய்யும் தங்கவேல், இன்னும் இரண்டு பேர். மத்தியானம் சோறு முடிந்ததும் ஆஜர்.

ஆறு பேர் இருந்தால் பூபதி என்ன செய்வான்? அந்த ஊர் ஆள் செய்வதைச் செய்தான். பாடு போட்டான்.

ஏரியில் மீன் கூடும் இடங்கள் கொஞ்சம்தான், வலைக்காரர்கள் நிறைய. அதனால் சீட்டுக் குலுக்கி, இன்ன நாளில் இன்ன இடம் இன்னாருக்கு என்று முறை வைத்துக்கொள்வார்கள். அதுதான் பாடு. தன் பாடு வராமல் யாரும் அந்த இடத்தில் கழி ஊன்றமாட்டார்கள். குப்பத்தில் அந்தச் சீட்டைப் பல வருஷம் குலுக்கிப்போட்டவன் பூபதி. முறை தவறினான் என்று அவனை ஒருவர் சொன்னதில்லை. அவன் வீட்டு டி.வி.க்கும் அதே நியாயம்தான். காலண்டர் தாளைக் கிழித்து ஆறு சீட்டு, எவர்சில்வர் டம்ளரில் குலுக்கல், ஆளுக்கு ஒரு ஆட்டம். வீட்டுக்காரன் என்று தனக்கு ஒரு ஆட்டம்கூட அதிகம் வைத்துக்கொள்ளவில்லை.

வசந்தா அடுப்பங்கரையிலிருந்து ஒரு நாள் கடிகாரம் வைத்துப் பார்த்தாள். மூன்று மணி நேரத்தில் பூபதி கையில் ஜாய்ஸ்டிக் இருந்தது இருபது நிமிஷம். அந்த இருபது நிமிஷத்திலும் ஜாய்ஸ்டிக்கை மடியில் வைத்து, திசையையும் பட்டனையும் இடது கையாலேயே தட்டிக்கொண்டிருந்தான். வலது கை பக்கத்தில் சும்மா படுத்திருந்தது.

ஆட்கள் போன பிறகு கேட்டாள்.

"யோவ், பெட்டி உனக்கு வந்துதா, ஊருக்கு வந்துதா?"

"ஒண்ணு கீது, ஆறு பேரு கீறோம். பாடு இல்லாம எப்பிடி?"

"இது இன்னா ஏரியா? உன் கை வைத்தியத்துக்கு வந்த சாமான்யா."

"என் பாடு வந்தா நான் ஆடறேன். மூணு மாசமா ஒருத்தன் இந்த வாசப்படி மிதிக்கல வசந்தா. இப்பதான் வரானுங்க. அவனுங்களப் போய் குந்தி வேடிக்கை பாருன்னு சொல்லச் சொல்றியா?"

அவன் சொன்னதும் உண்மைதான். ஆட்கள் வந்த பிறகுதான் அவன் தினம் சவரம் செய்துகொள்ளச் சம்மதித்தான். அவர்களை விரட்டினால் மறுபடியும் சுவரைப் பார்த்துப் படுத்துவிடுவான். விரட்டாவிட்டால் கை வராது.

இரண்டு நாள் யோசித்துவிட்டு விக்கிக்குப் போன் போட்டாள்.

"ரெண்டு பேரும் ஒரே நேரத்துல சேந்து ஆடற ஆட்டம் அதுல இல்லியா?"

"மூணோ நாலோ கீது. மத்ததெல்லாம் ஒருத்தன் செத்தாதான் இன்னொருத்தன் ஆடணும்."

"மூணு பத்தாது, ஒரு வாரத்துல சலிச்சிடுவானுங்க. வெளிய இருந்து ஏத்த முடியுமா?"

விக்கி சிரித்தான். "உனக்கு இதெல்லாம் எப்பிடி தெரியும்?"

"போன்ல பாட்டு ஏத்தறானுங்க இல்ல? முடியுமா, முடியாதா, அத்த சொல்லு."

முடியும். ஆர்வத்துக்காக ஆட்டம் எழுதி, யார் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று இலவசமாகப் போட்டுவைக்கிறவர்கள் இருக்கிறார்கள். விக்கி இரண்டு பேர் ஆடுவதாக முப்பத்தாறு ஆட்டத்தை இறக்கிக்கொண்டு, லீவு நாளில் லேப்டாப்போடு வந்தான். பூபதியை நந்தினியிடம் விட்டுவிட்டு வந்த நேரம், வீட்டில் வேறு யாருமில்லை. ஒவ்வொன்றையும் வசந்தா லேப்டாப்பிலேயே ஆடிப் பார்த்தாள். வலது கையை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு இடது கையால் மட்டும் ஆடினாள். ஜெயித்துவிட்டால், "இத்த தூக்கிடு."

"ஜெயிச்சா நல்ல ஆட்டம்தானேக்கா?"

"ஒத்தக் கையில ஜெயிக்க முடிஞ்சா அந்தாளு ஒத்தக் கையிலதான் ஆடுவாரு. நடந்துகினே குதிக்கணும், திரும்பிகினே அமுக்கணும். அப்பதான் அந்தக் கட்டைவெரலு வேலை செய்யும்."

ரொம்ப வேகமான ஆட்டங்களையும் தள்ளினாள். நாலு தடவை தோற்றால் அவன் ஜாய்ஸ்டிக்கை வீசிவிடுவான் என்பது இருபத்துநாலு வருஷக் குடித்தனத்தில் தெரியாதா? முப்பத்தாறில் ஒன்பது தேறியது.

ஏற்றும் வேலை சுலபம் என்றான் விக்கி. பெட்டியை ஒயரில் லேப்டாப்போடு இணைத்து, முதலில் உள்ளே இருப்பதை அப்படியே ஒரு காப்பி எடுத்து வைத்துக்கொண்டு, பிறகு புது ஆட்டங்களைத் தேர்ந்தெடுத்து அனுப்பினான். திரையில் ஒரு பட்டை மெல்ல நிறைந்துகொண்டு வந்தது. இடையில் ஒயரைப் பிடுங்கக் கூடாது என்று எழுதியிருந்தது. யாரும் பிடுங்கவில்லை. கரண்டு போனது. விக்கியின் லேப்டாப் பேட்டரி போன வருஷமே செத்துவிட்டதால் இரண்டும் ஒன்றாக அணைந்தன. மறுபடி கரண்டு வந்தபோது பெட்டியில் விளக்கு எரியவில்லை.

"செத்துப்பூடுச்சா?" என்றாள் வசந்தா.

"மயக்கம்தான். காப்பி கீதே, அத்த திருப்பி உள்ள போட்டா எழுந்துக்கும். ஆனா நடுவுல மறுபடியும் கரண்டு போனா நான் பொறுப்பு இல்ல."

வசந்தா பெட்டியைத் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு கிளம்பினாள். "வா. ஐஸ் கம்பெனியில ஜெனரேட்டர் கீது."

தங்கவேல் அவர்களை எடை போடும் அறையில் உட்கார வைத்து, அங்கிருந்த யு.பி.எஸ்.ஸில் லேப்டாப் ஒயரைச் சொருகினான். அம்மோனியா வாடை மூக்கைத் துளைக்க, பக்கத்தில் ஐஸ் பாரை உடைக்கும் சத்தத்தில் முக்கால் மணி நேரம். நடுவில் ஒரு தடவை விளக்கு சிமிட்டியது, ஜெனரேட்டர் உறுமிக்கொண்டு எழுந்தது, பட்டை நிற்கவில்லை. கடைசியில் முப்பது ஆட்டமும் பட்டியலில் வந்து நின்றன.

மறுநாள் ஆட்கள் வந்து உட்கார்ந்து டம்ளரைக் குலுக்கப் போகையில் வசந்தா ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வந்தாள்.

"தேசப்பண்ணே, ஒரு நாயம் கேக்கறேன். போட்டுல அஞ்சு பேரு போறீங்க. புடிச்ச மீன எத்தினி பங்கு வைப்பீங்க?"

"இது இன்னாம்மா கேள்வி? ஆளுக்கு ஒண்ணு, அஞ்சு. போட்டுக்கு ஒண்ணு, வலைக்கு ஒண்ணு."

"போட்டு எறங்கி வலை இழுத்துதா?"

"போட்டு இல்லாம நீந்தியா போவ?"

"போட்டுப் பங்க சீட்டுல போட்டுக் குலுக்குவீங்களா?"

"அதெப்பிடி? அது போட்டுக்காரனுது."

"அப்ப இந்தப் பெட்டி யாருது? டி.வி. யாருது? பெட்டிக்கு ஒரு பங்கு உண்டா இல்லியா?"

பூபதிதான் எகிறினான். "ஏய், நானே போட்ட பாட்ட நானே கலைக்கறதா? ஊரு இன்னா சொல்லும்?"

"இரு நைனா," என்றார் தேசப்பன். "அவ சொல்றது நாயம்தான். நீ பாடு போட்ட, பங்கு வைக்க மறந்துட்ட. மொத ஜாய்ஸ்டிக்கு பெட்டிப் பங்கு. அது சீட்டுல வராது. ரெண்டாவதுக்கு நாங்க அஞ்சு பேரும் குலுக்கிக்கறோம்."

"புது ஆட்டம் ஒம்போது ஏத்தி கீது," என்றாள் வசந்தா. "அதுல ரெண்டு பேரும் சேந்து ஆடணும். பழச இனிமே தொடக்கூடாது."

"அதெல்லாம் நீயே முடிவு பண்ணிட்டியா?" என்றான் பூபதி.

"ஆமா," என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

அன்றைக்கு ஆடியது, இரண்டு ஆட்கள் ஒரு நீள ஏணியின் இரு முனையைத் தூக்கிக்கொண்டு மாடி மாடியாக ஏறுகிற ஆட்டம். தூக்கும் பட்டனை விடாமல் அழுத்தியபடியே நடக்க வேண்டும். ஒருவன் விட்டால் இருவரும் கீழே. பூபதி இடது கையால் நடந்து, அதே கையால் அழுத்தப் பார்த்தான். ஏணி விழுந்தது. எட்டு தடவை விழுந்தது.

"நல்ல ஆள்கூட ஏணி தூக்க வுட்டீங்கய்யா," என்றான் பச்சைமுத்து. "பெட்டிப் பங்கு வாங்கத் தெரியுது, பெட்டிக்காரனுக்குப் புடிக்கத் தெரியல."

"வாய மூட்றா பேமானி!"

ஒன்பதாவது தடவை அவன் வலது கையை இடது கையால் எடுத்து பட்டன் மேல் வைத்தான். கட்டைவிரல் நடுங்கியது. அழுத்தியது. வழுக்கியது. அந்த மத்தியானம் அவர்கள் இரண்டாம் மாடியைத் தாண்டவில்லை, ஆனால் சீட்டு யாருக்கு விழுந்தாலும் முதல் ஜாய்ஸ்டிக் பூபதியிடம்தான் இருந்தது. வசந்தா கடிகாரத்தைப் பார்த்தாள். இரண்டு மணி நாற்பது நிமிஷம்.

அதற்கப்புறம் கை ஒரேயடியாக வந்துவிடவில்லை. சித்திரை முடியும்வரை கட்டைவிரல் மட்டும்தான். சாயங்காலம் கை விறைத்துக்கொள்ளும், வசந்தா வெந்நீர்த் துணி சுற்றி ஒவ்வொரு விரலாக நீவிவிடுவாள். தோள் வலிக்கிறது என்பான். முழங்கைக்குக் கீழே தலையணை வைத்து ஆடச் சொன்னாள் நந்தினி. வைகாசியில் ஆள்காட்டி விரல் சேர்ந்தது. ஒன்பது ஆட்டமும் பழகிப்போய் ஆட்கள் குறைய ஆரம்பித்தபோது விக்கி இன்னும் ஐந்து கொண்டுவந்தான். அவற்றை ஐஸ் கம்பெனியில் உட்கார்ந்து வசந்தாவே ஏற்றினாள். ஆனியில் ஒரு நாள் தேசப்பன் பட்டனை விட்டுவிட, "புடி! புடின்னா! கண்ணு எங்க கீது உனக்கு!" என்று பூபதி கத்தினான். கத்தும்போது அவன் வலது கை தானாகவே அழுத்திப் பிடித்திருந்தது. அவன் அதைக் கவனிக்கவில்லை. அவளும் சொல்லவில்லை, சொன்னால் நின்றுவிடும்.

ஆடி பிறந்ததும் நந்தினி பார்த்தாள். கட்டைவிரல் மூன்றாம் விரல்வரை தொடுகிறது, சுண்டுவிரலைத் தொடவில்லை. டம்ளர் பிடிக்கலாம். வலைக் கயிறு இழுக்க முடியாது.

"கயிறு வருமா?" என்று பூபதி கேட்டான். "இப்பத்திக்கு சொல்ல முடியாதுண்ணா," என்றாள் நந்தினி. வீடு திரும்பும் ஆட்டோவில் அவன் வலது கையால் கம்பியைப் பிடிப்பதும் விடுவதுமாக வந்தான்.

நாலு நாள் கழித்துக் காலையில் தெருக்குழாயில் தண்ணீர் பிடிக்கப் போனவள், குழாயடிச் சண்டையில் மாட்டிக்கொண்டு தாமதமாகத் திரும்பினாள். எட்டு மணி மாத்திரைக்கு எட்டே முக்கால் ஆகிவிட்டது. உள்ளே பூபதி நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். மாத்திரை அட்டை மடியில் கிடந்தது, ஒரு குழி காலி, வெள்ளித் தாள் கிழிந்திருந்தது.

"யாரு வந்தது? பக்கத்து வூட்டு ரங்கம்மாளா?"

"யாரும் வரல." அவன் வலது கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினான். "அமுக்கினேன். வந்துடுச்சு."

வசந்தா அட்டையை எடுத்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள்.

"இது சாயங்காலம் போடறதுய்யா."

"எல்லாம் வெள்ளையாத்தான கீது!"

நந்தினிக்குப் போன் போட்டாள். அவள் டாக்டரிடம் கேட்டுவிட்டுத் திரும்ப அழைத்தாள். ஒரு நாள் மாற்றிப் போட்டதால் ஒன்றும் ஆகாது, காலை மாத்திரையை இப்போது கொடுங்கள், சாயங்காலத்துக்கு வேண்டாம் என்றாள். வசந்தா காலை அட்டையை நீட்டினாள். பிரித்துக் கொடுக்கவில்லை. நின்று பார்த்தாள். அவன் இடது கையில் அட்டையைப் பிடித்து, வலது கட்டைவிரலை வைத்து அழுத்தினான். இரண்டு தடவை வழுக்கியது. மூன்றாவதில் மாத்திரை துள்ளி அவன் மடியில் விழுந்தது.

அன்று மத்தியானம் சாயங்கால அட்டை முழுவதிலும் சிவப்பு நெயில் பாலிஷால் கோடு போட்டு, காயவைத்து, தனி டப்பாவில் வைத்தாள். மறுநாள் ஐந்தரை மணிக்கு அவனை எழுப்பி, டீயையும் காலை அட்டையையும் கைக்கெட்டும் இடத்தில் வைத்தாள்.

"சிவப்ப தொடாத. எட்டு மணிக்கு வெள்ள."

"தெரியும், போ. இறால் வித்துப்பூடப் போவுது."

தைக்கு அப்புறம் முதல் தடவையாகக் கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு கரைக்கு நடந்தாள். எட்டு மணிக்கு ஒரு தடவை போன் போட்டாள். "போட்டுட்டேன்," என்றான். அதற்குள் படகு வந்துவிட்டது, அவள் போனை இடுப்பில் சொருகிக்கொண்டு விலை கேட்கப் போனாள்.