பிடிபட்டவன் வெளியே போக வேண்டாம்

எங்கள் ரக்பி கிளப்பின் வரலாற்றைக் கேட்டால் நான் எலும்பு எலும்பாகச் சொல்வேன். "எங்கள்" என்கிறேனே தவிர, ஒரு நாளும் ஆடியதில்லை. சென்னையில் ஒரு தனியார் மருத்துவமனையில் நர்ஸ் வேலை. ஞாயிறு காலையில் முதலுதவிப் பெட்டியோடு மைதான ஓரத்தில் நிற்பது கூடுதல் வேலை. ஆடியவர்கள் எல்லாம் வெளிநாட்டுக்காரர்கள், கார் தொழிற்சாலைக்கும் கம்ப்யூட்டர் கம்பெனிக்கும் வந்தவர்கள். பிரெஞ்சுக்காரருக்குத் தோள் இறங்கிய வருடம்தான் கிளப்புக்கு முதல் கோப்பை கிடைத்தது. ஜப்பான்காரர் மூக்கை உடைத்துக்கொண்ட வருடம் மழையில் மைதானமே குளமாகிவிட்டது. கட்டுப் போடும்போது யாராவது முனகினால் நன்றாகத் திட்டுவேன். அவர்களுக்குத் தமிழ் தெரியாது என்பதால் மனசு விட்டுத் திட்டலாம்.

அந்தக் கிளப்புக்கு என்ன நோய் என்றும் எனக்குத் தெரியும். யாரும் தங்க மாட்டார்கள். ஒருத்தர் நன்றாக ஆடத் தொடங்கும் நேரத்தில் மாற்றல் வந்துவிடும். முன்பெல்லாம் ஒருவர் போனால் இருவர் வந்தார்கள். பிறகு வருவது நின்றுபோய், கடைசியில் ஒன்பது பேர் மிஞ்சினார்கள். ஓர் அணிக்கே பதினைந்து பேர் வேண்டும். கேப்டன் நியூசிலாந்துக்காரர். ஆறடிக்கு மேல் இருப்பார், ஊசியைக் கண்டால் கண்ணை மூடிக்கொள்வார். பொங்கல் லீவில் கடைசியாக ஓர் ஆட்டம் ஆடிவிட்டுக் கிளப்பை மூடிவிடலாம், ஆனால் எதிரே ஆடத்தான் ஆள் இல்லை என்றார். எனக்குச் சுருக்கென்றது. கூலிக்கு நின்றவளுக்கு ஏன் வலிக்க வேண்டும்? வலித்தது.

எங்கள் ஊருக்கு வாருங்கள், ஆள் நான் தருகிறேன் என்று வாய் முந்திக்கொண்டது.

எங்கள் ஊர் ஜவ்வாது மலையில், நெல்லிவாசல் பக்கம். தம்பிக்கு அங்கே ஒரு கபடி அணி இருக்கிறது. அவனும் கூட்டாளிகளும் வருடம் முழுக்க ஸ்ரீபெரும்புதூர் தொழிற்சாலைகளில் வேலை பார்ப்பவர்கள். பொங்கலுக்கு ஊருக்கு வந்தால்தான் கபடி. மற்ற ஞாயிறெல்லாம் ரூமில் படுத்துக்கொண்டு போனை நோண்டுவதுதான். கபடிக்காரனுக்கு ஆளை அமுக்கத் தெரியும், மீதியை ஒரு மணி நேரத்தில் சொல்லிக்கொடுத்துவிடலாம் என்று நினைத்தேன்.

சாமை அறுத்த நிலத்தில் கல் பொறுக்கி, சுண்ணாம்புக் கோடு போட்டு, மூங்கில் நட்டோம். பக்கத்துக்கு ஒன்பது பேர். பந்தை முன்னால் எறியக்கூடாது, பின்னால் வருகிறவனிடம்தான் கொடுக்க வேண்டும். எதிராளியின் கடைசிக் கோட்டைத் தாண்டித் தரையில் வைத்தால் பாயிண்ட். எல்லாம் சொன்னேன். ஒன்றை மட்டும் விட்டுவிட்டேன். அதைச் சொல்ல வேண்டும் என்று தோன்றவே இல்லை.

முதல் நிமிடத்திலேயே பந்தோடு ஓடிய தம்பியை மடக்கிக் கேப்டன் தரையில் சாய்த்தார். தம்பி எழுந்தான். மண்ணைத் தட்டினான். பந்தை மரியாதையாக அவர் கையில் கொடுத்துவிட்டு, கோட்டுக்கு வெளியே வந்து சம்மணம் போட்டு உட்கார்ந்தான். அடுத்து இன்னொருவன். கால் மணி நேரத்தில் ஆறு பேர் என் பக்கத்தில் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள்.

"டேய், இன்னாடா பண்றீங்க? எழுந்து போய் ஆடுங்கடா!"

"இன்னாக்கா நீ? புடிபட்டவன் வெளிய தான உக்காரணும்? நம்ம ஆளு ஒரு பாயிண்ட் எடுக்கட்டும், நான் உள்ள போறேன்" என்றான் தம்பி.

கபடிச் சட்டம்! மானம் போன கடுப்பில் ஓடிப்போய்க் கேப்டனிடம் விளக்கினேன். அவர் சிரிக்கவில்லை. கொஞ்சம் யோசித்தார். பிறகு தன் ஆட்களைக் கூப்பிட்டு, இனி நாமும் பிடிபட்டால் வெளியே என்றார்.

அதற்கப்புறம்தான் ஆட்டம் சூடு பிடித்தது. கம்பெனியில் பெரிய பதவியில் இருக்கிற ஒரு ஜெர்மன்காரர் தம்பி பக்கத்தில் மண்ணில் உட்கார்ந்து, தன் ஆள் எப்போது பாயிண்ட் எடுப்பான் என்று நகம் கடித்தார். பாயிண்ட் விழுந்ததும் தாவி உள்ளே ஓடினார். ஊரே கத்தியது. நானும் பெட்டியைக் கீழே போட்டுவிட்டுக் கத்தினேன். யார் ஜெயித்தார்கள் என்பதில் இன்றைக்கும் தகராறு உண்டு.

மதியம் எங்கள் வீட்டு வாசலில் சாமைச் சோறும் கோழிக் குழம்பும். பாதிச் சாப்பாட்டில் கேப்டன் எழுந்து நின்றார். அவர் பேசும் ஆங்கிலம் எங்கள் பையன்களுக்குப் பிடிபடாது, நான்தான் சொல்ல வேண்டும். இதுதான் எங்கள் கடைசி ஆட்டம், இன்றோடு கிளப்பை மூடுகிறோம், இதைவிட நல்ல முடிவு எங்களுக்குக் கிடைத்திருக்காது, நன்றி என்றார். பிறகு என்னைப் பார்த்தார். எல்லோரும் என் வாயைப் பார்த்தார்கள்.

"அடுத்த ஞாயித்துக்கெழம சென்னைக்கு ஆட வரச் சொல்றாரு. யார் யாருடா வர்றீங்க?" என்றேன்.

ஒன்பது கைகளும் உயர்ந்தன. ஒரு கையில் கோழிக்கால் இருந்தது.

கிளப்பை மூடுகிறேன் என்றதற்கு இவர்கள் ஏன் கை தூக்குகிறார்கள் என்று கேப்டன் கேட்டார்.

ஞாயிற்றுக்கிழமை எத்தனை மணிக்கு வர வேண்டும் என்று கேட்கிறார்கள் என்றேன்.

அவர் என்னையே பார்த்தார். உயர்ந்திருந்த கைகளைப் பார்த்தார். தன் ஆட்கள் பக்கம் திரும்பினார். அவர்கள் சாப்பிடுவதை நிறுத்தியிருந்தார்கள். ஆறு மணி என்றார். யாரும் தாமதமாக வரக்கூடாது என்று சொல் என்றார்.

அதை ஒரு வார்த்தை மாற்றாமல் சொன்னேன்.