அறுபதில் நிற்கத் தெரியாத கம்ப்யூட்டர்

இந்த வாரம் நான் கோபமாக இருக்கிறேன்.

‘எந்த வாரம்தான் நீங்கள் கோபமாக இல்லை?’ என்று கேட்கும் வாசகர்களை எனக்குத் தெரியும். கூடுவாஞ்சேரி ஷேர் ஆட்டோக்களைப் பற்றி எழுதியபோது, ‘அம்மா, முதலில் பிபி மாத்திரை போடுங்கள்’ என்று அக்கறையாகக் கடிதம் எழுதியவர்களும் நீங்கள்தான். போட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். ஆனாலும் இந்தக் கோபம் வேறு. இது என் தம்பிக்காக வந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் செல்வியிடமிருந்து போன். செல்வி என் தம்பி கிரியின் மனைவி. திருக்கழுக்குன்றத்தில் இருக்கிறார்கள்.

“அண்ணி, இவரு வேன விக்கப் போறாரு. சாயங்காலம் பார்ட்டி வருது. இன்னா ஏதுன்னு கேட்டா வாயத் தொறக்க மாட்டேங்கறாரு. நீங்க கொஞ்சம் வர்றீங்களா?”

வேனையா? எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

கிரி டூரிஸ்ட் வேன் ஓட்டுகிறவன். மாமல்லபுரத்துக்கு வரும் வெள்ளைக்காரர்கள், மலைக்கோயிலுக்கு வரும் குடும்பங்கள், கல்யாணக் கோஷ்டிகள்... அத்தனை பேரையும் ஒரு கீறல் விழாமல் கொண்டுபோய் விட்டு, கூட்டிக்கொண்டு வந்தவன். லீவு நாளென்றால் அவன் குளிப்பதற்கு முன் வேன் குளித்துவிடும். அதில் செல்விக்குக் கொஞ்சம் பொறாமைகூட உண்டு.

செங்கல்பட்டு வரை ரயில், அங்கிருந்து பஸ். போய்ச் சேர்ந்தபோது வாசலில் வேன் பளபளவென்று நின்றது. விற்கப் போகிறவன் இப்படியா துடைப்பான்? உள்ளே கிரி நாற்காலியில் உட்கார்ந்து கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“இன்னாடா இது? வண்டிய எதுக்குடா விக்கற?”

“கை ஸ்லோ ஆயிடுச்சிக்கா.”

“எவன் சொன்னான்?”

“எவன் சொல்லணும்? எனக்கே தெரியுதுக்கா. இனிமே ஜனங்கள ஏத்திகினு போறது தப்பு.”

கொஞ்சம் கொஞ்சமாகத்தான் விஷயம் வெளியே வந்தது.

இரண்டு மாதத்துக்கு முன்பு, பூஞ்சேரி பக்கம் ஒரு பைக் ராங் சைடில் வந்து குறுக்கே பாய்ந்திருக்கிறது. கிரி பிரேக் போட்டான். வேன் நின்றது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. தப்பு முழுக்கப் பைக்குக்காரன் மேல். ஆனால் அந்த மகாராஜன் ஹெல்மெட்டைக் கழற்றி என்ன கேட்டானாம் தெரியுமா? “இன்னா பெர்சு, தூங்கிகினே ஓட்றியா?”

பெர்சு! ஐம்பத்திரண்டு வயதுக்காரனைப் பார்த்து. ராங் சைடில் வந்தவன்.

அந்தச் சொல் தம்பிக்குள் போய் உட்கார்ந்துவிட்டது. செங்கல்பட்டில் ஒரு டாக்டரிடம் போயிருக்கிறான். “கை கொஞ்சம் ஸ்லோவா இருக்கற மாதிரி கீது சார்” என்றிருக்கிறான். அவர் கையைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லையாம். “வயசாகுதுல்ல?” என்று சத்து மாத்திரை எழுதிக் கொடுத்து அனுப்பிவிட்டார். அடுத்த டோக்கன்!

சரி, ஒரு வசவும் ஒரு சத்து மாத்திரையும் சேர்ந்து வேனை விற்க வைக்குமா? வைக்காது. இவன் வேறொரு பரீட்சை எழுதிப் பார்த்திருக்கிறான். அதில்தான் ஃபெயில்.

இங்கே உங்களுக்கு ஒரு விஷயம் சொல்லியாக வேண்டும். நானும் கிரியும் கம்ப்யூட்டர் கேம் ஆடுகிறவர்கள். எனக்கு வயது ஐம்பத்தாறு. சிரிப்பதானால் சிரித்துவிட்டு வாருங்கள், காத்திருக்கிறேன்.

ஆயிற்றா? நல்லது.

அது ஒரு பழைய கார் ரேஸ். அவன் மகள் நிவேதா கைக்குழந்தையாக இருந்தபோது ஒரு செகண்ட் ஹாண்ட் கம்ப்யூட்டரோடு வந்தது. மூன்று ரவுண்டு, ஒரு பாலம், பின்னணியில் டிங்கு டிங்கென்று ஓயாத ஒரு டியூன். பொங்கல், தீபாவளி என்று குடும்பம் கூடினால் எனக்கும் அவனுக்கும் போட்டி. நான் ஜெயித்ததாகச் சரித்திரம் இல்லை. கிரி அதில் அப்படி ஓட்டுவான். சவாரி இல்லாத நாளில் தனியாகவும் உட்கார்ந்து ஓட்டுவான்.

நிவேதா இப்போது கேளம்பாக்கத்தில் ஐடி வேலை. வாரத்தில் பாதி நாள் வீட்டிலிருந்தே. மூன்று மாதத்துக்கு முன்பு பழைய கம்ப்யூட்டரைத் தூக்கிப் போட்டுவிட்டுப் புதிது வாங்கினாள். புது மானிட்டர், புது கிராபிக்ஸ் கார்டு, கலர் கலராக எரியும் கீபோர்டு. அப்பாவுக்குப் பிடிக்குமே என்று அந்தப் பழைய கேமையும் தேடிப் பிடித்துப் போட்டுக் கொடுத்திருக்கிறாள். பாசமான பெண்.

பூஞ்சேரிச் சம்பவத்துக்குப் பிறகுதான் கிரி முதல் தடவையாக அதில் உட்கார்ந்திருக்கிறான். தோற்றான். மறுநாளும் தோற்றான். தூங்கிக்கொண்டே ஜெயிக்கும் ரேஸில் கடைசி இடம்.

“எல்லாமே சீக்கிரம் சீக்கிரம் வருதுக்கா. வளைவு வர்றது தெரியுது, கை போறதுக்குள்ள செவுத்துல மோதிடறேன். டைமும் மோசம். அதே ரோடு, அதே காரு. மாறனது நான்தானே?”

ஒரு கேம் டிரைவிங் டெஸ்ட் ஆகுமா என்று அறிவுரை சொல்லியிருக்கலாம். ஆனால் தன் மேலேயே சந்தேகம் வந்தவனிடம் அறிவுரை எடுபடுமா? அவன் ஆதாரத்தோடு பேசுகிறான்.

“நீ ஆடு. நான் பாக்கறேன்” என்றேன்.

ஆடினான். இரண்டாவது வளைவிலேயே சுவரில் மோதினான். கடைசி ரவுண்டில் பாலத்தின் மேல் ஏறினான். நான் ஸ்க்ரீனைப் பார்க்கவே இல்லை. அவன் முகம் சுண்டிப் போவதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அப்போதுதான் காதில் ஏதோ இடறியது.

டியூன்.

இத்தனை வருடமாகக் கேட்டுக் கேட்டு மண்டையில் ஊறிப்போன டியூன் அது. கடைசி ரவுண்டில் பாலத்தில் ஏறும்போது சரியாக முடிந்து, முதலிலிருந்து மறுபடி ஆரம்பிக்கும். அதை வைத்துத்தான் ‘இதோ முடியப் போகிறது’ என்று ஆக்ஸிலேட்டரை அழுத்துவோம். இப்போது கார் பாலத்தில் இருக்கிறது. டியூனோ முடிவுக்கே வரவில்லை, நடுவில் எங்கோ டிங்கிக்கொண்டிருக்கிறது!

“டேய், இன்னொரு வாட்டி ஆடு.”

“எதுக்குக்கா? என் மானம் போறத ரெண்டு தபா பாக்கணுமா?”

“ஆடுடான்னா ஆடு!”

ஆடினான். நான் கேமின் கடிகாரத்தையும் சுவர்க் கடிகாரத்தையும் மாறி மாறிப் பார்த்தேன். கேமில் ஒரு நிமிடம் முடிந்தது. சுவரில் விநாடி முள் இன்னும் பத்தாம் எண்ணைக்கூடத் தொடவில்லை, நாற்பத்தெட்டு விநாடிதான் ஆகியிருந்தது.

எனக்கு ரத்தம் தலைக்கு ஏறியது. “நிவேதா! இங்க வாடி!”

அவள் இணையத்தில் தேடிப் படித்துச் சொன்ன விஷயம் இதுதான். கேம் என்பது விநாடிக்கு இத்தனை படம் என்று வரைந்து காட்டுகிற வேலை. அதற்குப் பெயர் ஃப்ரேம் ரேட். இப்போது வருகிற கேம்களில் படம் கூடினாலும் கார் அதே வேகத்தில்தான் ஓடும். ஆனால் இந்தப் பழைய கேமை எழுதிய புண்ணியவான், ஒரு படத்துக்கு இவ்வளவு தூரம் என்று கணக்கு வைத்துவிட்டான். பழைய மானிட்டர் விநாடிக்கு அறுபது படத்தோடு நின்றுவிடும், பிரச்சினை இல்லை. புது மானிட்டர் எழுபத்தைந்து. அதனால் கார், எதிரிக் கார், வளைவு, கேமின் கடிகாரம்... எல்லாமே கால் பங்கு கூடுதல் வேகத்தில் ஓடுகின்றன. டியூன் மட்டும் தன் பாட்டுக்குப் பழைய வேகத்தில். இரண்டு மடங்கு ஓடியிருந்தால் யாருக்கும் புரிந்திருக்கும். கால் பங்குதானே? கண்ணுக்குத் தெரியாது. கைக்கு மட்டும்தான் தெரியும்.

என் தம்பியின் கை ரொம்பச் சரியாகத்தான் சொல்லியிருக்கிறது, எல்லாம் சீக்கிரம் வருகிறதென்று. நம்பத்தான் ஆளில்லை.

நிவேதாவுக்குக் கண் கலங்கிவிட்டது. “நான்தானே அத்தை வாங்கினேன்...”

“உன்ன யாரு இப்ப சொன்னா? லிமிட் எங்க வெக்கறதுன்னு தேடு.”

தேடினாள். தேடினாள். தேடிக்கொண்டே இருந்தாள். கீபோர்டு விளக்கு ஊதாவில் எரிய வேண்டுமா, பச்சையில் எரிய வேண்டுமா என்று கேட்க முதல் பக்கத்திலேயே பெரிய பட்டன் வைத்திருக்கிறார்கள். ஃப்ரேம் ரேட்டுக்கு ஓர் எல்லை போடும் பட்டனை எங்கே வைத்திருக்கிறார்கள்? மெனுவுக்குள் மெனு, அதற்குள் ‘அட்வான்ஸ்டு’, அதற்குள் இன்னொரு பட்டியல். பீரோவுக்குள் பெட்டி, பெட்டிக்குள் டப்பா என்று. கண்ட கண்ட வெளிச்சத்துக்கு வாசலில் இடம், பிரேக்குக்குப் பரணில் இடமா?

பொறுக்காமல் கம்ப்யூட்டர் விற்ற கடைக்காரருக்கே போன் போட்டேன்.

“லிமிட்டெல்லாம் எதுக்கு மேடம்? பர்ஃபாமன்ஸ் போயிடும். டப்பா மிஷினு வெச்சிகினு கீறவங்கதான் லிமிட் வெப்பாங்க. உங்களுது சூப்பர் மிஷினு. ஃபுல்லா ஓடட்டும் வுடுங்க!”

“அப்ப சூப்பர் வண்டிக்கெல்லாம் பிரேக்கே இருக்காதாப்பா?”

“...கஸ்டமர் வந்துட்டாங்க மேடம்.” கட்.

கஸ்டமர் வந்துவிட்டாராம். அப்படியானால் நாங்கள் யாராம்?

ஒருவழியாக நிவேதா கண்டுபிடித்தாள். ‘மேக்ஸிமம் ஃப்ரேம் ரேட்’. அதற்கு எதிரே ‘ஆஃப்’ என்று சாவகாசமாக உட்கார்ந்திருந்தது. அறுபது என்று மாற்றினாள். அவ்வளவுதான் வேலை. இதற்கு ஒரு மனுஷன் இரண்டு மாதம் சோறு இறங்காமல் கிடந்திருக்கிறான்.

கிரி மறுபடி உட்கார்ந்தான். முதல் ரேஸில் அவசரப்பட்டுத் திருப்பி வளைவின் உள்பக்கச் சுவரில் மோதினான். கை வேகத்துக்குப் பழகிவிட்டதல்லவா! இரண்டாவது ரேஸ் பாதியில் இருக்கும்போது வேனைப் பார்க்கிற பார்ட்டி வந்துவிட்டார். கோவளத்து ரஹீம் பாய். கிரிக்கு நெடுநாள் பழக்கம், இரண்டு வேன் வைத்து ஓட்டுகிறவர்.

“இன்னா கிரி, வண்டி வாங்க வந்தா நீ காரு ஓட்டிகினு கீற?”

கிரி பாலத்தில் ஏறினான். டியூன் முடிந்தது... முதலிலிருந்து ஆரம்பித்தது. சரியாக அதே இடத்தில்! இரண்டு காரை ஓரங்கட்டிவிட்டு முதலாவதாகப் போய்ச் சேர்ந்தான்.

அவன் கத்துவான், குதிப்பான் என்று எதிர்பார்த்தேன். அப்படியே உட்கார்ந்திருந்தான்.

“அப்ப என் கையி நல்லாத்தான் கீதாக்கா?”

அந்தக் கேள்வியில் எனக்கு அழுகை வந்துவிட்டது. அழுகையைவிட ஆத்திரம்தான் அதிகம். வருடக்கணக்காக ஸ்டீயரிங் பிடித்த கை, அது நன்றாக இருக்கிறதா என்று ஒரு டப்பாவிடம் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கிறதே!

ரஹீம் பாய்க்கு விஷயத்தைச் சொன்னோம். டீயைக் குடித்துக்கொண்டே கேட்டார். “வண்டி குடுக்கலன்னா போவுது கிரி, எனக்கு வேற வண்டி கெடைக்கும். எனக்கு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல? நீ ஓட்றதப் பாத்து டிரைவர் வெக்கற ஆளு நான். ஆமா... அந்த பாலத்துல எப்டி லெஃப்ட்டு வாங்கின? இன்னொரு தபா காட்டு.”

காட்டினான். மூன்று தடவை காட்டினான். செல்வி இரண்டாவது முறையாக டீ போட்டாள்.

நான் சும்மா விடவில்லை. கம்ப்யூட்டர் சொன்னது பொய் என்பதால் உடம்பையும் பார்க்காமல் விட்டுவிடக் கூடாதல்லவா? மறுநாளே இழுத்துக்கொண்டு போய், கையைத் தொட்டுப் பார்க்கிற வேறொரு டாக்டரிடம் காட்டினேன். கண்ணையும் பரிசோதித்தோம். எல்லாம் சரியாக இருக்கிறது. கண்ணாடி நம்பர்கூட மாறவில்லை.

எனக்கு ஆறவே ஆறாதது ஒன்றுதான். பைக்குக்காரன் வயசு என்றான். டாக்டர் வயசு என்றார். சொந்தக்காரர்களிடம் விசாரித்தால், “ஆமா, கிரிக்கும் வயசாகுதுல்ல” என்று ஆளாளுக்கு உச்சுக் கொட்டுகிறார்கள். புது மிஷின் மேல் ஒருத்தருக்கும் சந்தேகம் வரவில்லை. பெட்டியிலிருந்து நேற்றுப் பிரித்த சாமான் தப்புச் செய்யாது, ஐம்பது வருடம் உழைத்த உடம்புதான் தப்புச் செய்யும். அப்படித்தானே? ஐம்பதைத் தாண்டிய உடம்பு மேல் எந்தக் குற்றத்தை வேண்டுமானாலும் சுமத்தலாம், விசாரணை கிடையாது. குற்றவாளிக்கே அதில் சம்மதம் வந்துவிடுகிறது பாருங்கள், அதுதான் கொடுமை. இப்படிச் சத்தமில்லாமல் சாவியைக் கொடுத்துவிட்டு ஓரமாய் உட்கார்ந்த கிரிகள் எத்தனை பேரோ!

உங்கள் வீட்டில் யாராவது ‘எனக்கு முன்ன மாதிரி வரலை’ என்று சொன்னால், தயவுசெய்து உச்சுக் கொட்டாதீர்கள். என்ன புதிதாக வாங்கினீர்கள் என்று முதலில் கேளுங்கள்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போதே நிவேதாவிடமிருந்து போன்.

“அத்தை, அப்பா லிமிட்ட எடுத்துடச் சொல்றாரு. எழுபத்தஞ்சுலயே ஜெயிச்சுக் காட்டறாராம். எடுத்துக் குடுத்தேன்.”

“அடப்பாவி! ஜெயிச்சானா?”

“தோத்துட்டாரு.”

“தோத்துட்டு... கையப் பாத்தானா?”

“இல்ல அத்தை. மானிட்டரப் பாத்துக் கெட்ட வார்த்தைல திட்டினாரு. திட்டிட்டு, சவாரிக்கு டைம் ஆச்சுன்னு சாவிய எடுத்துகினு கெளம்பிட்டாரு.”

அப்பாடா. கோபம் ஒருவழியாகச் சரியான அட்ரஸுக்குப் போய்ச் சேர்ந்தது.