வாய்தாவுக்கு வந்த வண்டி

"எத்திராசு பூட்டாரு சார். நேத்து மார் வலின்னாரு, அவ்ளோதான்" என்றபடி அவருடைய மைத்துனர் தேவராஜ் என் மேசை முன்னால் வந்து நின்றார். செங்கல்பட்டுக் கோர்ட்டில் வக்கீல் குமாஸ்தாவாக இருப்பவனுக்குச் சாவுச் செய்தி புதிதல்ல. அடுத்து அவர் கேட்டதுதான் என்னைக் கலக்கிவிட்டது. "வர்ற வாய்தாவுக்கு வண்டிய நாங்க இஸ்துகினு வரணுமா?"

மீன் வேன்காரர் எத்திராஜை நம் கோர்ட்டு வாசலில் அறியாதவர் இல்லை. திருவிடந்தைக்குப் பக்கத்துக் குப்பத்துக்கு அந்த வேன் ஒன்றுதான். மதுவிலக்கு மறுபடி வந்த புதிதில், வழியில் கை காட்டிய ஒருவனை மூட்டையோடு ஏற்றிக்கொண்டார். போலீஸ் மறித்ததும் அவன் குதித்து ஓடிவிட்டான். மூட்டைக்குள் இருந்தது சாராயம். எத்திராஜைச் சொந்த ஜாமீனில் விட்டார்கள், வண்டியை விடவில்லை.

வழக்கு முடியும்வரை வண்டியை அவரிடமே ஒப்படைக்கும்படி மனுப் போட்டோம். சொத்துள்ள இருவர் ஜாமீன் நிற்க வேண்டும் என்று உத்தரவானது. மறுநாள் பார்த்தால் குப்பமே திரண்டு வந்து நிற்கிறது! "எம்மாம் பேரு வேணுமோ எடுத்துக்க சார்" என்றார் எத்திராஜ், பெருமை தாங்காமல். அத்தனை பேரில் ஒருவரிடமும் பட்டா இல்லை. வீடெல்லாம் மணல் புறம்போக்கில். படகையும் வலையையும் கோர்ட்டு சொத்தாக எடுத்துக்கொள்ளாது என்று நான் சொன்னதும் கூட்டம் அடங்கிப்போனது. "கடலுக்கு எவன் சார் பட்டா குடுப்பான்?" என்று அவர் மட்டும் சிரித்தார்.

அச்சரப்பாக்கத்து விவசாயிகள் இருவர், பழைய மீன் பழக்கத்துக்காகக் கையெழுத்துப் போட வருவதற்குள் ஒரு வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது. அதுவரை வேன் கடலோரத்து ஸ்டேஷன் வாசலில் உப்புக் காற்றில் நின்றது. எத்திராஜ் வாரம் தவறாமல் குடத்தில் நல்ல தண்ணீர் சுமந்துபோய் அதைக் கழுவுவார். "இன்னாய்யா, மாட்டுப் பொங்கலா?" என்று கான்ஸ்டபிள்கள் கேலி செய்வார்கள். "உப்பு தின்னுதுங்க" என்பார், துடைப்பதை நிறுத்தாமல்.

வண்டியை விட்டபோது மூன்று நிபந்தனை போட்டார்கள். விற்கக் கூடாது, உருவை மாற்றக் கூடாது, வாய்தாதோறும் கொண்டுவந்து காட்ட வேண்டும். அன்றைக்கே என்னிடம் வந்தார். "அடித்தகடு பூட்ச்சு சார். வேற தகடு வச்சு அடிச்சா மீன் ஏத்திடலாம். அடிக்கலாமா?" எனக்கு அன்று தலைக்குமேல் வேலை. வக்கீலைக் கேட்டிருந்தால் ஒரு பக்க மனுவில் முடிந்திருக்கும். பாவி நான், "கேஸ் முடியற வரைக்கும் ஓர் ஆணியைக்கூடத் தொடாதேய்யா!" என்று எரிந்து விழுந்தேன். அதோடு மறந்தும் போனேன்.

அவர் தொடவில்லை. ஓர் ஆணியைக்கூடத் தொடவில்லை. மீன் கூடையைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு இருபது மைல் மிதித்தார். சும்மா நின்ற வண்டியில் இன்ஜினும் இறுகிவிட்டது. வாய்தா அன்று சவுக்குக் கட்டை லாரிக்குப் பின்னால் கரைவலைக் கயிற்றால் வேனைக் கட்டி இழுத்துவருவார். டவாலி அவர் பெயரை மூன்றாம் முறை கூப்பிடும்போது, வாசலிலிருந்து மூச்சு வாங்கக் குரல் வரும்: "நானும் வந்துகீறேன், வண்டியும் வந்துகீது!" கோர்ட்டே சிரிக்கும். நானும் சிரித்திருக்கிறேன்.

இரண்டு வருஷம் கழித்து ஒருநாள் வக்கீல் ஜன்னல் வழியே பார்த்துவிட்டு, "ஏன்யா, அந்த ஆள் வண்டியை ரிப்பேர் பண்ணிக்கக் கூடாதா? யார் வேண்டாம்னது?" என்று கேட்டார். வெளியே போய் எத்திராஜிடம் உள்ளதைச் சொன்னேன். அவர் திட்டியிருக்கலாம். திட்டியிருந்தால் இன்றைக்கு எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். வேனின் கதவைத் தடவினார். துரு கையோடு வந்தது. "வுடு சார். இப்ப தகடு அடிக்க வண்டி எங்க கீது?" என்றார். பிறகு என்னையும் டீ குடிக்கக் கூப்பிட்டார்.

அரசுத் தரப்புச் சாட்சி இன்னும் ஒருவர்கூட வரவில்லை. வழக்கு அப்படியே கிடக்கிறது.

தேவராஜுக்கு நான் சொன்ன பதிலைக் கேளுங்கள். "கொண்டுவரத்தான் வேண்டும். இல்லையென்றால் ஜாமீன் நின்றவர்கள் தலையில் விழும்." சாவு வீட்டிலிருந்து வந்தவர் தலையாட்டிவிட்டு, லாரிக்குச் சொல்லிவைக்கப் போனார்.

அவரோடு பழகிய உங்களிடம் அவருடைய நல்ல குணங்கள் நிறைய இருக்கும். என்னிடம் மிஞ்சியிருப்பது நான் சொன்ன ஒரு 'தொடாதே'யும், அவர் சொன்ன ஒரு 'வுடு சார்' என்பதும்தான். இரண்டும் என்னை விடுவதாக இல்லை. அவர் இறந்துபோனதைக் கோர்ட்டுக்குத் தெரிவிக்கும் மனுவை நான்தான் எழுதி வைத்திருக்கிறேன். வரும் வாய்தாவில் டவாலி பழக்கப்படி மூன்று முறை கூப்பிடுவார். எத்திராஜ் வழக்கமாகச் சொல்லும் பதிலில் பாதிதான் இனி உண்மை. வண்டி வந்துகீது.