கற்பூரம் அணைத்தவர்களும் நானும்

கிளர்ச்சியைத் தொழிலாகக் கொண்டவன் முதலில் கற்க வேண்டியது, அநியாயங்களை வரிசை மாறாமல் சொல்வது. வரிசை மாறினால் கூட்டம் பீடி பற்றவைத்துக்கொள்ளும். ஆகவே வரிசையாகவே சொல்கிறேன். மதுராந்தகம் ஏரித் தண்ணீர் பாயும் எங்கள் ஊரில், முதலாவது, மிராசுதார் தம் நிலங்களையெல்லாம் வாய்ப்பேச்சில் குத்தகைக்கு விட்டார்; எவன் பெயரையும் எங்கும் எழுதவில்லை. இரண்டாவது, மழை பொய்த்த வருஷத்திலும் குத்தகை நெல்லைக் குறைக்கவில்லை. மூன்றாவது, குறைக்கச் சொல்லிக் கேட்ட கோவிந்தனின் வயலுக்கு அந்த வருஷம் மடையை அடைத்தார். நான்காவது, கோவிந்தன் காய்ச்சலில் செத்தான். இதை மிராசுதார் தலையில் கட்ட என்னிடம் ஆதாரம் இல்லை. நடந்த வரிசைக்காகச் சொல்கிறேன். ஐந்தாவது, கருமாதி முடிந்த மறுநாளே அவன் மனைவி அஞ்சலையைக் கூப்பிட்டு, குத்தகை செத்தவனோடு போயிற்று, வயலை விட்டுக் கரையேறு என்றார்.

ஐந்தாவதில்தான் நான் வருகிறேன். மேடையில் தொண்டையையும் லாக்கப்பில் முதுகையும் கெடுத்துக்கொண்ட தோழர்களே, உங்களுக்கு இதெல்லாம் புதிதல்ல. நம்மோடு கத்தியவர்களில் சிலர் இன்று ஜீப்பில் போகிறார்கள். நாம் இன்னும் பஸ்ஸுக்கு நிற்கிறோம். நிற்கிற காலில் எனக்குப் பெருமைதான். புழுதியை அடித்துவிட்டுப் போகும் ஜீப்பைப் பார்த்தால்தான் வயிறு எரிகிறது.

கடப்பாக்கத்தில் கேட்டது

அப்போது கடப்பாக்கம் மீனவர்களிடையே பேசப் போயிருந்தேன். பள்ளிக்கூடத்தில் நான் படித்தது கொஞ்சம். மீதிப் படிப்பெல்லாம் காலணாத் துண்டுப் பிரசுரங்கள். படித்ததையெல்லாம் கடற்கரையில் கொட்டினேன். சட்டம் ஆள்கிறவன் எழுதியது, நீதி அதற்கு முந்தியது என்றேன். அந்த நீதி எதன் மேல் நிற்கிறது, பயத்தின் மேலா, லாபத்தின் மேலா, பகுத்தறிவின் மேலா என்று கேட்டு, பதிலுக்கு நிறுத்தினேன்.

வலை உலர்த்திக்கொண்டிருந்த ஒருவர் தங்கள் வழக்கத்தைச் சொன்னார். கடலில் எவன் கட்டுமரம் கவிழ்ந்தாலும், மீன் நிறைந்த வலையானாலும் அறுத்துவிட்டு அவனிடம் போக வேண்டுமாம்; பேச்சுவார்த்தை இல்லாத பகையாளியானாலும் அப்படித்தானாம். இது சட்டத்துக்குப் பயந்தா, சாமிக்குப் பயந்தா, நாளைக்கு அவன் நமக்கு உதவுவான் என்ற கணக்கா என்று விடாமல் கேட்டேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “அவன் கூப்புடறது காதுல வுழுது. அப்பால இன்னாத்த யோசிக்கிறது, நைனா?”

சட்டம் வந்த வழி

ஊர் திரும்பியதும் அஞ்சலையைத் தேடிப் போனேன். நாற்றங்காலில் குனிந்து நாற்றுப் பறித்துக்கொண்டிருந்தாள். கரையேறச் சொன்ன வயலில் இறங்கியே நின்றாள் என்பதில் எனக்கு ஒரே பூரிப்பு. புதுச் சட்டத்தை விளக்கினேன். தன் உடம்பால் உழைத்துப் பயிரிடுகிற குத்தகைதாரரை இஷ்டத்துக்கு வெளியேற்ற முடியாது. அவர் செத்துப்போனால், அதே வயலில் உழைக்கிற வாரிசுக்கும் அந்த உரிமை உண்டு. நீ உழைக்கிறாய் என்று நிரூபித்தால் போதும், வயல் உனக்கு நிற்கும் என்றேன்.

எல்லாவற்றையும் நிமிராமலே கேட்டாள். நாற்று முடியைக் கட்டிப் போட்ட பிறகுதான் வாயைத் திறந்தாள்: “சட்டம் வந்துடுச்சின்றியே அண்ணாத்த, மிராசுதார் வூட்டத் தாண்டி வந்துச்சா, இல்ல அங்கயே நாஸ்தா துன்னுகினு கீதா?”

அம்மன் முன்னால்

எங்கள் ஊரில் கோர்ட்டுக்கு மேலே ஒரு கோர்ட் உண்டு. பொன்னியம்மன் சன்னதியில் கற்பூரம் ஏற்றி, எரிகிற கற்பூரத்தை உள்ளங்கையால் அணைத்து ஒரு வார்த்தை கொடுத்தால் அதை மீறக் கூடாது. மீறினால் கண் போய்விடும் என்பது ஊரின் உறுதியான நம்பிக்கை. மிராசுதார் விவரமானவர். அஞ்சலை மனுப் போட்டாள் என்று தெரிந்ததும், அவளுடைய பக்கத்து வயல்காரர்களையெல்லாம் வரவழைத்தார். அவர்களும் அவரிடம் வாய்ப்பேச்சில் குத்தகை வைத்திருப்பவர்கள்தான். அஞ்சலைக்காகச் சாட்சி சொல்வதில்லை என்று ஒவ்வொருவராகக் கற்பூரம் அணைத்தார்கள்.

நான் கோயிலுக்குள் போவதில்லை, வாசலில் நின்றேன். வெளியே வந்த மிராசுதார் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு நிதானமாகச் சொன்னார்: “உன்னை ஏன் கூப்பிடலேன்னு பாக்கறியா? சாமி இல்லாதவன் வாய்க்குப் பூட்டு கிடையாது. அதனாலேயே அந்த வாய்க்கு மதிப்பும் கிடையாது.”

கூண்டில்

குத்தகைத் தகராறுகளை விசாரிக்கும் செங்கல்பட்டு ஆர்.டி.ஓ. கோர்ட்டில் அஞ்சலைக்கு நான் ஒருவனே சாட்சி. கடவுள் பெயரால் ஆணையிட மாட்டேன், மனசாட்சிப்படி உறுதி சொல்கிறேன், சட்டம் எனக்கு அந்த உரிமையைக் கொடுத்திருக்கிறது என்றேன். மிராசுதாரின் வக்கீலுக்கு வாயெல்லாம் பல். உமக்குச் சாமியும் இல்லை, நரகமும் இல்லை, பொய் சொன்னால் உம்மைத் தடுப்பது எது என்று கேட்டார். இந்தக் கேள்விக்கு ஒரு பிரசுரம் முழுவதும் எனக்கு மனப்பாடம். ஆனால் வாயில் வந்தது கடப்பாக்கம். இந்த அம்மாள் கூப்பிடுவது என் காதில் விழுகிறது, அதுதான் என்றேன். அதை நினைத்தால் இன்றைக்கும் என் நெஞ்சு நிமிர்கிறது.

அவள் நட்டதையும் களை எடுத்ததையும் மடை திருப்பியதையும் நேரில் கண்டது கண்டபடி சொன்னேன். வக்கீல் விடவில்லை. பெண்பிள்ளை ஏரைத் தொடுவது ஊர் வழக்கத்தில் இல்லை, ஏரைத் தொடாதவள் எப்படிப் பயிரிடுபவள் ஆவாள் என்றார். ஊர் ஊராகக் கூட்டம் போடுகிறவனுக்கு வயலில் நடப்பது எப்படித் தெரியும் என்றும் கேட்டார். ஆர்.டி.ஓ. என்னைப் பார்த்துக் கோபமில்லாமலே சொன்னார்: “உம்மை நம்புகிறேன். ஆனால் பக்கத்து வயல்காரர் ஒருவராவது சொல்லாமல் நான் உத்தரவு எழுத முடியாது.”

ஏகாம்பரம்

வராந்தாவில் உட்கார்ந்திருந்த ஏகாம்பரம் அப்போதுதான் எழுந்தார். பக்கத்து வயல்காரர்; கற்பூரம் அணைத்தவர்களில் ஒருவர். அம்மனுக்குக் கூழ் ஊற்றுவதில் முதல் ஆள். என்னை ஒரு நாளும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை, ‘நாத்திகம்’ என்றுதான் கூப்பிடுவார். மிராசுதாருக்காக வந்திருக்கிறார் என்றே நினைத்திருந்தேன். நேரே கூண்டில் ஏறினார். தாம் ஏர் மட்டும் ஓட்டிக் கொடுத்ததாகவும், அதற்குப் பதிலாக அஞ்சலை தம் வயலில் நாற்று நட்டதாகவும், மற்ற வேலையெல்லாம் அவள் கையால் நடந்ததென்றும் சொன்னார். கற்பூரத்தை மறந்துவிட்டாயா என்று மிராசுதார் இருந்த இடத்திலிருந்தே கேட்டார். ஏகாம்பரம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. தப்பான சத்தியம் பண்ணிவிட்டேன், அதைக் காப்பாற்றினால் இன்னும் பெரிய தப்பு என்று ஆர்.டி.ஓ.விடமே சொன்னார்.

வெளியே வந்து பார்த்தால், மனிதர் வேப்பமரத்தையும், தெருவையும், போகிற வருகிற முகங்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டிருக்கிறார். கடைசியாகப் பார்க்கிறவர் பார்ப்பது போல. அன்று காலையில்தான் அம்மனிடம் போய், என் கண்ணை எடுத்துக்கோ, அந்தப் பொண்ணுக்கு வயலைக் கொடு என்று சொல்லிவிட்டு வந்தாராம். கையைப் பிடித்து, கண்ணெல்லாம் போகாது, கற்பூரத்துக்கும் கண்ணுக்கும் சம்பந்தமில்லை என்று விஞ்ஞானமாக விளக்கினேன். அவர் கையை உதறினார். “கண்ணு போவாதுன்னு தெரிஞ்சி சொல்றதுக்கு நீயே போதுமே, நாத்திகம். நான் எதுக்கு வந்தேன்?”

வரப்பில்

அஞ்சலைக்குச் சாதகமாக உத்தரவு வந்தது. ஏகாம்பரத்தின் கண்ணுக்கு இன்றுவரை ஒன்றும் ஆகவில்லை. பார்வை மங்கிக் கண்ணாடி போட்டவன் நான்தான். ஆத்தா ஆள் மாறிப் புடிச்சிட்டா என்று அவர் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரிக்கிறார்.

ரெவின்யூ இன்ஸ்பெக்டர் வயலுக்கே வந்து உத்தரவைப் படித்துக் காட்டினார். சாட்சிகளாக வரிசையில் நின்றவர்கள், கற்பூரம் அணைத்த அதே பக்கத்து வயல்காரர்கள். மிராசுதார் வரவில்லை, அவருடைய காரியஸ்தர் குடையோடு நின்றார். இந்த ஊர் அவளைக் கோவிந்தன் பொண்டாட்டி என்றது, பிறகு தாலியறுத்தவள் என்றது. யாரும் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. முழங்கால் சேற்றோடு நின்றாள், கரையேறவில்லை.

நீதி எதன் மேல் நிற்கிறது என்று நான் மேடைமேடையாகப் போட்ட சத்தத்தையெல்லாம் ஒன்றாகச் சேர்த்தாலும், அன்று ரெவின்யூ இன்ஸ்பெக்டர் வரப்பின் மேல் நின்று, ஜலதோஷம் பிடித்த குரலில் சாட்சிகளுக்குப் படித்த, யாரும் கைதட்டாத அந்த ஒரு வரிக்கு ஈடாகாது: “பயிரிடும் குத்தகைதாரர், அஞ்சலை.”